பாவாடைக்கு அடியில் பாந்தெய்ரோ

அன்பு மகன் வெனான்சியோவுக்கு அம்மா எழுதுவது. ரியோவில் நாங்கள் வெளியில்தான் இருக்கிறோம், சிறையில் இல்லை. சாந்தோஸில் நீயும் அப்படியே இருக்க வேண்டும் என்ற பதைப்பில் எழுதுகிறேன். சொல்ல வெட்கமாக இருக்கிறது, ஆனால் ஊர் சொல்லி நீ கேட்பதற்குமுன் நானே சொல்லிவிடுகிறேன்: போன ஞாயிறு ஒரு போலீஸ்காரர் முன்னால் நான் உன் அப்பாவின் கைமேளம், அந்தத் தகடு கட்டிய பாந்தெய்ரோமேல் அடைகாக்கும் கோழி மாதிரி உட்கார்ந்திருந்தேன்.

நம் வீட்டு ஏற்பாடுதான் உனக்குத் தெரியுமே, முன்னறையில் தெருவுக்குக் கேட்க மரியாதையான வால்ட்ஸ் இசை, கொல்லையில் சாமிகளுக்கு மேளம் அடித்த கை ஆறும்முன்பே போலீசுக்கு ஆகாத சம்பா ஆட்டம். அன்றைக்குப் புல்லாங்குழல் ஊதுகிற திமோத்தியோவுக்குக் கால் துறுதுறுத்து, குழலை வைத்துவிட்டுக் கொல்லைக்கு ஆட வந்துவிட்டான், முன்னறை ஊமையானதை ஒருவரும் கவனிக்கவில்லை, கதவைத் தட்டுகிற சத்தம். அந்தத் தோலும் தகடும் கையில் இருந்ததற்கே போன வருஷம் உன் அப்பாவைப் பிடித்தார்கள், இன்னொரு தடவை என்றால் தீவுச் சிறை என்று எச்சரித்தும் இருக்கிறார்கள். மனிதர் அதை என்னிடம் எறிந்துவிட்டுக் கோழிக்கூண்டுக்குள் புகுந்தார், நான் பாவாடையை விரித்து அதன்மேல் உட்கார்ந்தேன். வந்த போலீஸ்காரரோ நாற்காலியை இழுத்துப் போட்டு, தேங்காய் மிட்டாயை மென்றபடி, இங்க சம்பா அடிக்கிறதா புகார் வந்திருக்கும்மா என்றார். ஞானஸ்நான விருந்துங்கய்யா என்றேன். என்னது, திரும்பச் சொல்லு என்று என் வாயையே உற்றுப் பார்த்தார். எது கேட்டாலும் இப்படியே. பேச்சை மாற்றிப் பேசினால் பிடிக்கிற தந்திரம் என்று எனக்கு நடுக்கம், நடுங்கினால் அடியில் தகடு குலுங்குகிறது, குலுங்கினால் இன்னும் நடுக்கம். பக்கத்துவீட்டு எவாரிஸ்தா காதோரம், ஏன்டி, உன் பின்பக்கம் தாளம் போடுது, அழுத்தி உக்காருடி என்றாள். அழுத்தினேன், தோல் கிழிந்தது. வந்தவர் அதையும் கண்டுகொள்ளாமல் மிட்டாயை முடித்துக்கொண்டு எழுந்து போனார். போலீஸ்காரன்கூட பிடுங்கிட்டுத்தான் போயிருப்பான், நீ உக்காந்தே கொன்னுட்டியே என்று சொன்ன உன் அப்பா அதன்பிறகு என்னோடு பேசவில்லை.

நீயும் ஒரு பாந்தெய்ரோ வாங்கித் துறைமுகத் தெருவில் தட்டிக்கொண்டு நடப்பதாக எழுதியிருந்தாய், அன்றிலிருந்து எனக்குச் சோறு இறங்கவில்லை. வேண்டாம் கண்ணு. ஆசை வந்தால் தட்டை எடுத்துக் கத்தியால் உரசித் தாளம் போடு, முன்னே பாயியாவில் இருந்தபோது நாங்கள் அப்படித்தான் ஆடினோம், தட்டையும் கத்தியையும் எந்தப் போலீசும் தூக்கிப் போவதில்லை. சாமிகளும் தேவமாதாவும் உனக்கு இரண்டு பக்கமும் நடக்கட்டும். பதில் போட மறக்காதே.

இன்னும் உட்கார முடியாத உன் அம்மா,
ஃபெலிஸ்மினா

பின்குறிப்பு: எவாரிஸ்தா இப்போதுதான் வந்து சொல்லிவிட்டுப் போகிறாள். அந்தப் போலீஸ்காரர் முன்னே பீரங்கிப் படையில் இருந்தவராம், அப்போதே இரண்டு காதும் போய்விட்டதாம்.