உம்மா பார்த்த படம்

2009 பிப்ரவரி 12
க்யிம்யிண்டைங் சந்தையில் மீன் வாங்கிக்கொண்டிருந்தேன். ஜமால் காக்கா வந்து கையில் ஒரு பொட்டலத்தைத் திணித்துவிட்டுப் போனார். பாங்காக் வழியாக வந்ததாம். உள்ளே தம்பி கபீர் நடித்த படம், டிஸ்க்கில்.

இங்கே ராணுவ ஆட்சியை எதிர்த்த எண்பத்தெட்டுக் கலவரத்தில் எல்லை தாண்டிப் போனவன். பாரிஸில் தட்டு கழுவினான், பிரெஞ்சுக் குடிமகன் ஆனான், நடிகனும் ஆனான். பெரிய கம்பெனிப் படங்கள் இல்லை. நாலு பேர் சேர்ந்து கஷ்டப்பட்டு எடுப்பவை. இதுவரை பதினொன்று. ஒன்றைக்கூட நாங்கள் பார்த்ததில்லை. "எப்பம்மா போட்டுக் காட்டுவே?" என்று உம்மா பிள்ளை மாதிரிக் கேட்கிறார்.

பிப்ரவரி 15
நாலரைக்குக் கரண்ட் வந்தது. கதவைச் சாத்திவிட்டுப் போட்டேன். நான் முதலில் பார்த்திருக்க வேண்டும். ஏன் பார்க்கவில்லை?

கபீர் இந்த ஊர்ச் சிறைக்கைதியாக வருகிறான். பிரெஞ்சு எங்களுக்குப் புரியவில்லை. அடி புரிந்தது. கடைசியில் சிமெண்டுத் தரையில் கண் திறந்தபடி செத்துக் கிடக்கிறான். உம்மா எழுந்து போய், டிவியின்மேல் கைவைத்து அவன் கண்ணை மூடிவிடப் பார்த்தார்.

"நடிப்பும்மா, நடிப்பு" — எத்தனை தடவை சொன்னேன்!

பிப்ரவரி 16
உம்மா சாப்பிடவில்லை.

பிப்ரவரி 20
கபீர் போன் செய்தான். ரிசீவரை உம்மாவின் காதில் வைத்தேன். "யாரு பெத்த புள்ளையோ. எம் மவன் மௌத்தாயிட்டான் வாப்பா" என்று அவனிடம் சொல்லிவிட்டு ரிசீவரை என்னிடமே திருப்பிக் கொடுத்துவிட்டார். அந்தப் பக்கம் அவன் அழுகிறான்.

உம்மாவுக்கு ஒரு வருடமாகவே ஞாபகம் தடுமாறுகிறது. "நேர்ல பார்த்தா தெளியலாம்" என்றார் டாக்டர். நேரில்!

மார்ச் 27
நாற்பதாம் நாளாம். பாத்திஹா ஓதச் சொல்லி ஒரே அழுகை. உயிரோடு இருப்பவனுக்கு எப்படி ஓதுவது? பள்ளிவாசல் ஹஜ்ரத் முடியாது என்றுவிட்டார். சும்மா நெய்ச்சோறு ஆக்கி அக்கம்பக்கம் கொடுத்தேன்.

மே 3
கபீருக்கு மூன்றாவது முறையும் விசா இல்லை. காரணம் சொல்லவில்லை. அந்தப் படம்தான், வேறென்ன.

"லாத்தா, அந்த வேஷத்துக்குத்தான் மொத மொதல்ல எம் பேரைப் பத்திரிகையில போட்டாங்க" என்றான்.

நவம்பர் 13
நான் அடுப்படியில் இருந்தபோது போன் அடித்தது. உம்மாவே எடுத்தார். அரைமணி நேரம் பேசினார்! யாரென்று கேட்டேன். "கபீரோட கூட்டாளி. அப்துல் பாரியாம்."

ஓடிப்போய் வாங்கினேன். கபீர்தான். "இப்படியாவது பேசிக்கறேன் லாத்தா" என்றான்.

2010 ஜனவரி 8
வெள்ளிக்கிழமை தவறாமல் அழைக்கிறான். அன்றைக்கு உம்மா காலையிலேயே குளித்து, நன்றாகச் சாப்பிட்டு, போன் பக்கத்தில் உட்கார்ந்துவிடுகிறார். மகன் கதையெல்லாம் அவனிடமே சொல்கிறார்.

இன்று இருந்தாற்போல் கேட்டார்: "வாப்பா, ஒன் உம்மா இருக்காங்களா?... அப்ப ஒரு நடை போயிப் பார்த்துட்டு வந்துரு. காத்துக்கிட்டு இருப்பாங்க."

ரிசீவரைக் கீழே வைத்தார். பிறகு என்னைப் பார்த்துச் சொன்னார்: "நல்ல புள்ள. போறேங்குது."