ஒரு கையெழுத்து கேட்டு வந்தார், நைனா

என் தங்க நைனாவுக்கு,

உன் பென்ஷன் ஃபைலை வைத்துக்கொண்டு நாலு வருஷம் உன்னை அலையவிட்ட சூப்பரிண்டெண்டு, நேற்று புத்தூரில் நம் வீட்டு வாசலில் வந்து நின்றார். எனக்குச் சந்தோஷமாக இருந்தது. உன்னிடம் மறைத்து என்ன ஆகப்போகிறது?

ஊர் ஊராகக் கொசு மருந்து அடித்து ரிட்டயர் ஆனவன் நீ. சித்தூர் ஆபீசுக்குப் போனால், "ஜில்லா பிரிச்சிட்டாங்க இல்ல, உன் ஃபைலு திருப்பதிக்குப் போயிடுச்சு" என்பார். திருப்பதியில், "இன்னும் வரல பெரியவரே" என்பார்கள். காசில்லாமல் நீ சர்க்கரை மாத்திரையைப் பாதியாக உடைத்து விழுங்கினாய். கோர்ட்டுக்குப் போகலாம் என்றால், "அவுரு கோவிச்சிக்கினா அப்புறம் ஒண்ணும் நடக்காது" என்று என்னை அடக்கினாய்.

நீ கண்ணை மூடிய பிறகு தகவல் உரிமைச் சட்டத்தில் ஒரு மனு போட்டேன். சித்தூரிலிருந்து திருப்பதிக்கு அனுப்பிய ஃபைல்களின் ரிஜிஸ்டர் நகலைக் கேட்டேன். அதில் உன் பெயரே இல்லை. ஃபைல் அவர் பீரோவைவிட்டு நகரவே இல்லை. உனக்கு இது ஏன் தோன்றவில்லை? எனக்குத்தான் ஏன் முன்பே தோன்றவில்லை?

அந்த நகலை வைத்து ஹைகோர்ட்டில் ரிட் மனு போட்டோம். பாக்கி முழுவதையும் அம்மாவுக்குக் கொடுக்க வேண்டும், தாமதத்துக்கு வட்டி ஃபைலை முடக்கியவரின் சொந்தக் கையிலிருந்து வர வேண்டும், அவர்மேல் இலாகா விசாரணையும் நடக்க வேண்டும் என்று உத்தரவு வந்தது. பாக்கி வந்துவிட்டது. இந்த மாதக் கடைசியில் அவருக்கே ரிட்டயர்மென்ட். விசாரணை முடியாமல் அவருக்குப் பென்ஷன் முழுசாகக் கிடைக்காதாம்.

அதற்குத்தான் வந்தார். "எனக்குப் புகார் இல்லன்னு ஒரு கையெழுத்து போடும்மா. பொண்ணு கல்யாணம் வச்சிக்கினு இருக்கேன், என் ஃபைலு நின்னுடும்" என்று ஒரு தாளை நீட்டிக் கண்ணைத் துடைத்தார்.

அம்மா நாற்காலியை இழுத்துப் போட்டு, "குந்துங்க சார்" என்றாள். என் பக்கம் திரும்பி, "போட்டுக் குடுத்துடேன்டி. நைனா இருந்தா போட்டிருப்பாரு" என்றாள்.

"அவுரு இல்லியேம்மா. இவுரு இருக்காரே" என்றேன்.

கொஞ்சம் மனசு இளகியது, இல்லையென்றால் பொய். அப்புறம், கடைசியாகச் சித்தூர் போய்வந்த அன்றைக்கு பஸ்ஸிலிருந்து இறங்க முடியாமல் நீ கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றது ஞாபகம் வந்தது. கையெழுத்துப் போடாமலே தாளை மடித்து அவர் கையிலேயே கொடுத்துவிட்டேன்.

வியாழக்கிழமை விசாரணைக்குச் சாட்சி சொல்லக் கூப்பிட்டிருக்கிறார்கள். சத்தியமாகப் போவேன். அவர் முகத்தைப் பார்த்து, நீ நடந்த ஒவ்வொரு நடையையும் சொல்வேன். என்மேல் உனக்குக் கோபம் வந்தால் வரட்டும். அதில் பாதியை அவர்மேல் காட்டியிருந்தால், இந்த வியாழக்கிழமை நீயும் என்னோடு பஸ் ஏறியிருப்பாய்.

உன் ஜாடையில் பிறந்தும் உன் பொறுமை வாய்க்காத மகள்,
கஸ்தூரி