வாலில்லா மகாராணிக்கு என் சீப்பு

ஃபின்லோ,

ராம்சியில அக்கா வீட்டுக்குப் போறேன். புகைபோட்ட மீன் அடுப்புக்குள்ள இருக்கு. அது உங்களுக்கு. எந்நேரமும் உங்க மடியில கிடக்கிற பூனை மகாராணிக்கு இல்ல.

அவளைச் சீவ என் சீப்பையா எடுத்தீங்க? காலையில என் தலை முழுக்க அவளோட சாம்பல் முடி. எனக்கு நீங்க தலை சீவிவிட்டு எத்தனை வருஷம் ஆச்சு!

அப்படி என்ன பெரிய அழகி? நோவா பேழைக்குக் கடைசியா ஓடி வந்து, சாத்துன கதவுல வாலைப் பறிகொடுத்த பரம்பரை. நடக்கச் சொன்னா முயல் மாதிரி குதிக்கிறா. முடி நீளமா இருக்குன்னு கனடாக்காரங்க வேல்ஸ் பேரைத் தேடி எடுத்து 'கிம்ரிக்'னு வச்சாங்களாம். நம்ம தீவுப் பூனைக்கு வந்த வாழ்வு!

அந்த எரிச்சல்லதான் திங்கக்கிழமை, "ஒரு எலி பிடிக்கக்கூடத் துப்பில்ல"ன்னு கத்திட்டேன். தப்புதான். எலின்னு பேரைச் சொன்னா ஆகாது, தீவுல பொறந்தவ 'நீளவால்'னுதான் சொல்லணும். நீங்களும் தோஷம் கழியணும்னு மர மேசையைத் தொட்டீங்க, விசில் அடிச்சீங்க, அப்பவும் பயந்து அன்னிக்கு மீன் பிடிக்கப் படகையே எடுக்கல. அதுக்காக மூணு நாளா என்கிட்ட பேச்சில்ல, அவகிட்ட மட்டும் "சாப்பிட்டியாடி கண்ணு"வா?

சாவி பூந்தொட்டிக்கு அடியில.

பிரீஷி

பி.கு: மகாராணி என் பை மேல ஏறி உக்காந்துட்டா. இறக்கி விட்டா மறுபடி ஏறுறா. போகாதேன்னு சொல்ல அவளுக்கு வாய் இல்ல. உங்களுக்கு இருக்கு.

பஸ் போயிடுச்சு. அடுத்தது நாலு மணிக்கு. மீன்ல பாதியை அவளுக்குக் குடுத்துட்டேன்.