உன் குரலில் அந்த ஒரு வரி

நேற்று மதியம் துணி மடித்துக்கொண்டிருந்தபோது தொலைக்காட்சியில் நீ வந்தாய். கதாநாயகனின் தங்கச்சியாக, ரெட்டைச் சடையும் தாவணியுமாக. கையிலிருந்த சட்டையை அப்படியே மடியில் வைத்துவிட்டேன். இத்தனை வருஷத்தில் அந்தப் படத்தை நான் பார்ப்பது அதுதான் முதல் தடவை.

விஸ்வநத்தத்தில் நாம் இருவரும் பட்டாசுப் பெட்டிக்கு லேபிள் ஒட்டிக்கொண்டிருந்த காலம். ஆமத்தூர்ப் பக்கம் படப்பிடிப்பு என்று கேள்விப்பட்டு ஒரு ஞாயிற்றுக்கிழமை வேடிக்கை பார்க்கப் போனோம். கூட்டத்தில் நிற்க ஆள் கேட்டார்கள். நான் பின்னால் ஒளிந்தேன். நீ முன்னால் போய், "என்ன செய்யணும்னு சொல்லுங்க, செய்றேன்" என்றாய். சாயங்காலத்துக்குள் உன்னைத் தனியாகக் கூப்பிட்டு அழச் சொன்னார்கள், அழுதாய். சிரிக்கச் சொன்னார்கள், அதே கண்ணீரோடு சிரித்தாய். இரண்டே மாதத்தில் உன் அப்பாவோடு சென்னைக்கு ரயிலேறினாய்.

ஒரு படம் வந்தது. விருதுநகரில் ஒரு வாரம் ஓடியது. அடுத்ததில் நீதான் கதாநாயகி. அது பாதியிலேயே நின்றுபோனது. மூன்று வருஷம் காத்திருந்துவிட்டு, ஒரு தீபாவளி சீசனில் திரும்பி வந்து, பழைய இடத்திலேயே உட்கார்ந்து லேபிள் ஒட்டினாய்.

கம்பெனியில் யாரும் உன்னை ஏசவில்லை. மதியச் சாப்பாட்டுக்கு மட்டும் கொஞ்சம் கொஞ்சமாகத் தள்ளி உட்கார்ந்தார்கள். அப்போது எனக்கு மாப்பிள்ளை பேசி முடித்திருந்தது. "சினிமாவுக்குப் போய்ட்டு வந்தவ கூட ஒக்காந்து திங்காத. மாப்பிள்ள வீட்டுக்குத் தெரிஞ்சா என்ன நெனைப்பாக?" என்றாள் அம்மா. மறுநாள் நானும் தூக்குவாளியை எடுத்துக்கொண்டு வேப்பமரத்தின் அந்தப் பக்கம், அவர்களோடு உட்காரப் போனேன்.

அன்று பஸ்ஸுக்கு நிற்கும்போது கேட்டாய்: "நீயும் அங்கன போயிட்டியா?"

நான் தூக்குவாளியை மறுகைக்கு மாற்றினேன்.

"சரி விடு. கல்யாணம் நல்லபடியா முடியட்டும்."

கோபப்பட்டிருந்தால் தேவலை.

எனக்குக் கல்யாணமாகி நாலாவது வருஷம், உனக்குக் கிட்னி கெட்டு விருதுநகர் ஆஸ்பத்திரியில் கிடப்பதாகச் சொன்னார்கள். வீட்டில் யாரிடமும் சொல்லாமல் வந்தேன். உன் முகம் வீங்கியிருந்தது. மன்னிப்புக் கேட்க வாயெடுத்தேன். நீ முந்திக்கொண்டாய்.

"என் படம் பாத்தியா?"

"பாத்தேன்."

"எந்த சீன் பிடிச்சது?"

நான் உன் போர்வையை இழுத்துச் சரிசெய்தேன். நீ சிரித்துவிட்டாய். "பொய் சொல்லத் தெரியலயே ஒனக்கு. பாத்திருந்தாலும் அதுல பேசுறது நான் இல்ல. என் பேச்சு ஊர்ப்பேச்சா இருக்குன்னு வேற ஆள வச்சுப் பேசிட்டாக. இப்பக் கேளு."

கோபித்துக்கொண்டு வீட்டைவிட்டுப் போகிற அண்ணனைத் தங்கச்சி மறிக்கும் காட்சி. தலையணையில் சாய்ந்தபடியே நடித்தாய். "நீங்களும் போயிட்டா, இந்த வீட்ல என்னய வையறதுக்குக்கூட ஆளில்லையேண்ணே."

மருந்து கொண்டுவந்த நர்ஸ் அப்படியே நின்றுவிட்டார். பக்கத்துக் கட்டில் பெரியம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டார். நீ களைத்துப்போய்க் கண்ணை மூடிக்கொண்டாய். மன்னிப்பை நான் கேட்கவே இல்லை. அடுத்த வாரம் நீ போய்விட்டாய்.

படப்பிடிப்பில் இருந்தவர்களை விட்டால், உன் குரலில் அந்த வரியைக் கேட்டவர்கள் மூன்றே பேர். அந்தப் பெரியம்மாவுக்கு அன்றே எண்பது இருக்கும். நர்ஸ் எந்த ஊரில் இருக்கிறாரோ, மறந்தும் போயிருப்பார். நான் வைத்திருக்கிறேன். பிள்ளைகள் வெளியூர் போய்விட்ட இந்த வீட்டில், ஆளில்லாத நேரம் பார்த்து, உன்னைப் போலவே ஒரு தடவை சொல்லிப் பார்ப்பேன். 'என்னய' என்ற சொல்லுக்குப் பிறகு நீ கொஞ்சம் நிறுத்தினாய். அந்த இடம் மட்டும் எனக்கு இன்னும் வரவில்லை.