ஊதா மப்ளர்

அன்புள்ள அம்மா,

பன்னிரண்டு படங்களாக வாயை மூடிக்கொண்டிருந்தது போதும். உன் முழங்கால் வலி தேவலையா? நான் ரோமில் சுகம்தான்.

ஒளிப்பதிவு செய்வது நான். டைட்டிலில் இயக்கம், ஒளிப்பதிவு என்று இயக்குநர் ஓரேஸ்தேயின் பெயர்தான் இரண்டு முறை வருகிறது.

செவ்வாய்க்கிழமை நீ பின்னிய ஊதா மப்ளரோடு படப்பிடிப்புக்குப் போய்விட்டேன். இந்த ஊர் சினிமாக்காரர்களுக்கு ஊதா ஆகாது. விளக்குக்கார நெல்லோ அலறினான்: "ஹங்கேரிக்காரரே, எங்க பொழப்புல மண்ணள்ளிப் போடவா இதைச் சுத்திக்கிட்டு வந்தீங்க?"

ஓரேஸ்தேவுக்கு அது வசதியாகப் போயிற்று. "நீ வீட்டுக்குப் போய்யா, நானே எடுத்துக்கறேன்" என்றார்.

மறுநாள் அவர் எடுத்ததைத் திரையில் போட்டுப் பார்த்தால் கதாநாயகியின் முகம் கரிச்சட்டியாக இருந்தது.

"எல்லாம் அந்த மப்ளரால வந்தது" என்றார் ஓரேஸ்தே.

நெல்லோ சிரித்துவிட்டான். "மப்ளர்தான் அவரோடயே வீட்டுக்குப் போயிடுச்சே, முதலாளி!"

இன்று என்னை அழைத்து மறுபடி எடுத்தார்கள். முகம் பளிச்சென்று வந்தது. இருந்தும் டைட்டிலில் என் பெயர் வராது.

சாம்பல் நிறத்தில் ஒன்று பின்னி அனுப்பு. படப்பிடிப்பில் கழுத்து குளிர்கிறது; ஊதாவை ஞாயிற்றுக்கிழமைகளில் சுற்றிக்கொள்கிறேன்.

என் பெயரே இல்லாத படத்திலும் முதல் காட்சியிலேயே என் வெளிச்சத்தைக் கண்டுபிடிப்பவள் நீ. அதனால் இதையும் கையெழுத்துப் போடாமலே தபாலில் சேர்க்கிறேன்.