ராஜா வேஷத்தின் கல்யாணக் கோட்டு

பிப்ரவரி 20

ராஜா வேஷத்துக்கு,

பெரிய நாடகக் கம்பெனிக்குப் போய் மூன்று மாதமாகிறது. நாலு வருடம் உங்களுக்கு உடுப்பு தைத்தவளுக்கு ஒரு வரி போட்டால் கை தேய்ந்துவிடுமா? இங்கே எல்லோரும் சுகம். உங்கள் இடத்துக்கு வந்தவர் பயங்கர குண்டு.

தையலம்மா


மார்ச் 4

அன்புள்ள தையலம்மாவுக்கு,

திட்டு கிடைத்தது, சந்தோஷம். இங்கே மேடை பெரிது, தையல்காரர்தான் மோசம். நேற்று சிம்மாசனத்தில் உட்கார்ந்ததும் பின்னால் பர்ரென்று கிழிந்தது. கடைசிவரை எழுந்திருக்காமலே நாட்டை ஆண்டேன்.

ஒரு சேதி. அக்கா எனக்குப் பெண் பார்த்து முடித்துவிட்டாள். டீச்சர். அடுத்த மாதம் கல்யாணம். கோட்டு நீங்கள்தான் தைத்துத் தர வேண்டும்.

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். முதல் வருடம் வாரா வாரம் என் பொத்தான் அறுந்ததே, பிளேடால் நானேதான் அறுத்தேன். உங்கள் அறைக்கு வர வேறு காரணம் கிடைக்கவில்லை. ஒருநாள் ஏதோ முரட்டு நூலால் தைத்துக் கொடுத்தீர்கள். இனி வராதே என்கிறீர்கள் என்று எடுத்துக்கொண்டேன். இப்போது நினைத்தால் சிரிப்பு வருகிறது.

அன்புடன்,
ராஜா வேஷம்


மார்ச் 11

ராஜா வேஷத்துக்கு,

எனக்குச் சிரிப்பு வரவில்லை.

அந்த நூலைச் செருப்புக் கடையில் கேட்டு வாங்கினேன். "சண்டை சீன்ல புரண்டாலும் இனிமே பிச்சுக்காதுங்க" என்று பெருமையாகக் கொடுத்தேனே! அத்தனை பேர் முன்னால் நீங்கள் சட்டை திறந்து நிற்கக் கூடாது என்று விரல் கிழியத் தைத்தது. அடுத்த வாரம் நீங்கள் வரவில்லை. அதற்கடுத்த வாரமும் வரவில்லை. தலைவலி என்று லீவு போட்டு அழுதேன். மேடையில் பக்கம் பக்கமாக வசனம் பேசுகிற மனுஷனுக்கு என்னிடம் ஒரு வார்த்தை வரவில்லை. எனக்கு மட்டும் வந்ததா? அதனால் உங்களைத் திட்டவும் முடியவில்லை.

உங்கள் மேல் ஆசைப்பட்டேன். இதோ, எழுதிவிட்டேன். இதற்காக எதையும் மாற்ற வேண்டாம். அந்த டீச்சர் என்ன பாவம் செய்தாள்? அவளிடமாவது மனதில் இருப்பதை வாய்விட்டுச் சொல்லுங்கள்.

கோட்டு தைக்க மாட்டேன். அளவுச் சீட்டை இதோடு வைத்திருக்கிறேன். இடது தோள் அரை அங்குலம் இறக்கம், தைப்பவரிடம் மறக்காமல் சொல்லுங்கள். கல்யாணத்துக்கும் வர மாட்டேன். கம்பெனி வேலையை விட்டுவிட்டேன். ஒன்றாம் தேதி சொந்தமாகக் கடை திறக்கிறேன். பெயர்ப்பலகை எழுதியாகிவிட்டது.

இனி எனக்குக் கடிதம் போடாதீர்கள். போட்டால் பதில் எழுதிவிடுவேன்.

தையலம்மா