நாலாம் மாடியிலிருந்து நாற்காலியில்

அன்புள்ள பாப்பாவுக்கு, அப்பா எழுதுவது. நானும் அம்மாவும் நலம், என் முட்டி மட்டும் கொஞ்சம் முரண்டு பிடிக்கிறது. நீ அங்கே வேளைக்குச் சாப்பிட்டு சுகமாக இருப்பாய் என்று நம்புகிறோம். வேறு யாராவது உன் காதில் போடுமுன் நானே சொல்லிவிடுகிறேன். உன் தோழி நம் கட்டடத்தின் கஷ்டத்தை ஆவணப்படமாக எடுக்க வந்த அன்று, நான் தலைக்குச் சாயம் பூசிக்கொண்டு போய் நின்றேன். வேர்வையில் அது நெற்றி வழியே இறங்கியதைக் கேமரா பார்த்துவிட்டது. கஷ்டப்படுகிறவனுக்குக் கறுப்பு முடி இருக்கக் கூடாதா என்று கேட்டேன், உன் அம்மா இன்னும் சிரித்து முடிக்கவில்லை.

லிஃப்ட் நின்றுபோன கதை உனக்குத் தெரியும். நாலாம் மாடித் தையல்காரம்மாவால் நடக்க முடியாது, அதனால் தினமும் காலையில் நாற்காலியோடு தூக்கிவந்து கீழே அவர் கடையில் உட்கார வைக்கிறோம். தூக்குவது எலெக்ட்ரீஷியனும் பேக்கரிக்காரரும். நான் முன்னால் போய் வழி விடச் சொல்வேன், அவருடைய செருப்பும் என் கையில்தான். வீட்டுக்காரரோ லிஃப்டைச் சரிசெய்வதை விட்டுவிட்டு, படியிறங்க முடியாதவர்கள் காலி செய்யட்டும் என்று நகராட்சியில் மனு கொடுத்துவிட்டார். வீடு போனால் அந்த அம்மாவுக்குக் கடையும் போகும், வேறு பிழைப்பில்லை. அவரை நாங்கள் பார்த்துக்கொள்கிறோம் என்று விசாரணையில் காட்டத்தான் இந்தப் படம்.

அன்றைக்குப் பார்க்க வேண்டுமே. ஒரு நாளும் எட்டிப் பார்க்காத இரண்டாம் மாடி வங்கிக்காரர் உட்பட ஏழெட்டுப் பேர் நாற்காலியைப் பிடித்தோம், ஆமாம், நானும்தான். படித் திருப்பத்தில் அது சிக்கிக்கொண்டு முன்னாலும் போகவில்லை, பின்னாலும் வரவில்லை. தையல்காரம்மா உட்கார்ந்தபடியே, "என்னைத் தூக்குறீங்களா, ஊர்வலம் விடுறீங்களா? தினம் தூக்குற ரெண்டு பேரைத் தவிர எல்லாரும் கையை எடுங்க. சாயக்காரரே, நீங்க போய் செருப்பை எடுங்க" என்றார். உன் தோழி இதில் ஒரு வார்த்தையைக்கூட வெட்டவில்லை. விசாரணையில் படத்தைப் பார்த்து அதிகாரி விழுந்து விழுந்து சிரித்தாராம், பிறகு தினமும் தூக்க ஆள் இருக்கும்போது யாரும் காலி செய்ய வேண்டாம், முதலில் லிஃப்டைச் சரிசெய்யும் என்று வீட்டுக்காரருக்கு உத்தரவு போட்டுவிட்டார். தையல்காரம்மா அன்று என் சட்டைக்குப் பொத்தான் தைத்துக் கொடுத்தார்.

நீயும் அங்கே தெருத் தெருவாகக் கேமராவைத் தூக்கிக்கொண்டு அலைகிறாய், நடுவில் கொஞ்சம் உட்காரும்மா. தொட்டதெல்லாம் துலங்கி நீ நல்லா இருக்கணும். ஞாயிறு அம்மாவுக்குப் போன் செய்ய மறக்காதே, மறந்தால் திட்டு எனக்குத்தான்.

இப்படிக்கு,
உன் அப்பா

பி.கு.: லிஃப்ட் ஓட ஆரம்பித்து ஒரு வாரமாகிறது. அந்தப் பெட்டிக்குள் யாரோடு பேசுவது என்று தையல்காரம்மா அதில் ஏற மறுக்கிறார். இன்று காலையும் படியில்தான் இறங்கினோம்.